ஐம்பத்திமூன்றாம் இலக்கக்காரன் நான் இல்லை

இதை எழுதாமலே விட்டிருப்பேன். எழுத்து எனக்குப் பழக்கமில்லாத வேலை. சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் என்னைத் தேடிய ஆசிரியர்கள் எல்லாரும் என்னைப் பின்பக்கப் புல்வெளியில்தான் பிடித்தார்கள். பல்கலைக்கழகத்தில் இரண்டு வருடம் இருந்தேன், அங்கேயும் புல்வெளியில்தான். இதில் உள்ள எழுத்துப் பிழைகளை அம்மா திருத்துகிறார். கதையில் கை வைக்கக் கூடாது என்று அவரிடம் சத்தியம் வாங்கியிருக்கிறேன்.

போன ஞாயிறு பெரியம்மா வீட்டில் ஒரு பிறந்தநாள். அங்கே ஒரு அங்கிள் என் தோளைப் பிடித்துக்கொண்டு, "தம்பி, அண்டைக்கு நீர் அவனை விழுத்தின விழுத்து இருக்கே, நான் கதிரைக்கு மேல ஏறி நிண்டனான்" என்றார். நான் "தாங்ஸ் அங்கிள்" என்று சொல்லிவிட்டு இன்னொரு ரோல்ஸ் எடுத்தேன். அந்த ரோல்ஸ் தொண்டையால் இறங்கவில்லை. அவர் சொன்ன அந்த விழுத்து நடந்த நேரத்தில் நான் ஒரு கையைத் தலையணையில் தூக்கி வைத்தபடி ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தேன்.

ஆகவே எழுதுகிறேன். கை வீங்கினால் என்ன செய்ய வேண்டும் என்று நாலு பேருக்குத் தெரியட்டும். மற்றது, இருபத்திரண்டு பேரிடம் மன்னிப்பும் கேட்க வேண்டும்.

முதலில் என் வேலை. நான் சம்பளத்துக்கு ஃபுட்போல் விளையாடுகிறவன். காலால் உதைக்கிற உருண்டைப் பந்து இல்லை. தலையில் கவசம் போட்டுக்கொண்டு, முட்டை மாதிரிப் பந்தோடு ஓடுகிறவனை மற்றப் பக்கத்தார் பாய்ந்து விழுத்துகிற விளையாட்டு. அமெரிக்கர்களுடையது, கனடாவில் மைதானம் கொஞ்சம் பெரிது. நான் விழுத்துகிற பக்கம். என் இடத்துக்கு லைன்பேக்கர் என்று பெயர். முன்வரிசைத் தடியர்களுக்குப் பின்னால் நின்று, பந்து யாரிடம் இருக்கிறது என்று கண்டுபிடித்து, அவனைக் கட்டிப்பிடித்து நிலத்தில் போட வேண்டும்.

'விளையாடுகிறவன்' என்பதும் சரியில்லை. நான் ரிசேர்வ். அதிலும் இரண்டு வகை இருக்கிறது. ஒரு வகை, போட்டியன்று உடுப்புப் போட்டுக்கொண்டு ஓரத்தில் நிற்பது. மற்ற வகை, கிழமை முழுக்கப் பயிற்சியில் அடி வாங்கிவிட்டுப் போட்டியன்று ஜீன்ஸோடு இருப்பது. நான் ஜீன்ஸ் வகை. ரொறன்ரோவில் இரண்டு வருடமும் அதுதான். அதற்கு முன் அமெரிக்காவில் ஒரு அணி மூன்று நாள் முகாமுக்குக் கூப்பிட்டது. மூன்றாம் நாள் பின்னேரம் கைகுலுக்கி, விமான நிலையத்துக்கு வாகனமும் பிடித்துத் தந்தார்கள். நல்ல மனிசர்.

பயிற்சியில் எனக்கு நடிப்பு வேலை. அடுத்த போட்டி எந்த அணியோடு என்றாலும், அவர்களின் லைன்பேக்கர் எப்படி நிற்பான், எந்தக் காலை முதலில் வைப்பான் என்று வீடியோவில் பார்த்து, அவனுடைய இலக்கம் போட்ட மெல்லிய மேலங்கியை மாட்டிக்கொண்டு அவனாக நிற்க வேண்டும். எங்கள் ஆட்கள் என்னில் பழகிவிட்டுப் போய் அவனை வெல்வார்கள். ஒரு கிழமை நாற்பத்தியொன்று, மறு கிழமை ஐம்பத்தியைந்து. இந்த நாட்டில் உள்ள எல்லா லைன்பேக்கராகவும் நான் இருந்துவிட்டேன், என்னைத் தவிர.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் பின்னால் நான் செய்த விசர்த்தனம் விளங்காது. ரிசேர்வ்காரன் வைத்தியம் பார்க்கிற அறைக்குப் போகக் கூடாது. காலையில் அங்கே போனவர்களின் பட்டியல் கோச்சின் மேசைக்குப் போகும். பெரிய ஆட்டக்காரனின் பெயர் அதில் இருந்தால் 'பாவம்' என்பார்கள். எங்கள் பெயர் இருந்தால் அலுமாரியைக் காலி செய்யச் சொல்வார்கள். அதனால் எங்களுக்கு நோவதே இல்லை. யாராவது "எப்பிடி?" என்று கேட்க முதலே "நல்லாயிருக்கிறன்" என்று வாய் சொல்லிவிடும்.

ஓகஸ்ட் மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை கோச் என்னைக் கூப்பிட்டார். முதல் ஆட்டக்காரன் ஒருவனுக்குத் தொடைத் தசை இழுத்துவிட்டது. "சனிக்கிழமை நீ உடுப்புப் போடுகிறாய். பந்தை உதைத்துத் தொடங்கும்போது வலது கரையால் ஓடிப் போய் விழுத்து" என்றார். இரண்டு வருடத்தில் அவர் என்னோடு பேசிய மிக நீளமான பேச்சு அது.

வீட்டில் சொன்னேன். அப்பா மிசிசாகாவில் விமான நிலையத்தில் பெட்டி ஏற்றுகிறவர். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு சனிக்கிழமைக்கு லீவு கேட்டு, இருபத்திரண்டு ரிக்கட்டும் வாங்கிவிட்டார். பெரியம்மா குடும்பம், சித்தப்பா குடும்பம், மல்வேர்னில் எங்கள் வரிசையில் இருக்கிற மூன்று வீடு.

நான் சொல்லாத விஷயம் ஒன்று இருந்தது. திங்கட்கிழமையிலிருந்து என் வலது கை பாரமாக இருந்தது.

கஜனுக்கு வெக்ஸ்போர்ட்டில் ஒரு டயர்க் கடையில் வேலை. ஏழாம் வகுப்பிலிருந்து என் கூட்டாளி. புதன்கிழமை பின்னேரம் காருக்குக் காற்றடிக்கப் போனேன். அவன் என்னை ஏற இறங்கப் பார்த்தான்.

"என்னடா, இந்த வெயிலுக்குக் கைநீட்டுச் சட்டை?"

"ஸ்ரைல்."

"உந்த மூஞ்சிக்கு ஸ்ரைலோ? கழட்டு."

"விடடா."

அவன் விடவில்லை. இரண்டு கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தான். இடது கை என்னுடையது. வலது கை தோளிலிருந்து விரல்வரை வீங்கி, கத்தரிக்காய் நிறத்தில், யாரோ என்னைவிடப் பெரிய ஆளிடம் கடன் வாங்கி ஒட்டியதுபோல இருந்தது. தோளில் நரம்புகள் கொடி படர்ந்த மாதிரி எழும்பியிருந்தன.

"நோகுதோ?"

"இல்லை. சனிக்கிழமை முடியக் காட்டுறன்."

"சனிக்கிழமை முடியக் கை இருக்குமோ எண்டு பாப்பம். உள்ளுக்க எங்கயோ முறுகிப்போச்சு மச்சான். டயரும் உப்பிடித்தான் ஒரு பக்கமா வீங்கும், பிறகு வெடிக்கும். நாளைக்குக் காலமை ஏழு மணிக்கு வாறன். நீ ஏறாட்டி உன்ர அம்மாட்டச் சொல்லுவன்."

"கோச்சுக்கு என்ன சொல்ல?"

"வயித்தால போகுது எண்டு சொல்லு. அதை ஆரும் காட்டச் சொல்லிக் கேக்கமாட்டினம்."

அப்படித்தான் வியாழக்கிழமை காலை எமேர்ஜென்சிக்குப் போனோம். வாசலில் ஒரு நேர்ஸ் கண்ணாடிக்குப் பின்னால் இருந்து, "பூச்சியத்திலிருந்து பத்துவரை, நோவு எத்தனை?" என்று கேட்டார். எனக்குத் தெரியும், இது சோதனை. எங்கோ ஒரு மேசைக்கு இந்தப் பட்டியல் போகும்.

"இரண்டு" என்றேன்.

"வீக்கம்?"

"கொஞ்சம். பயிற்சியில் அடிபட்டது."

சட்டையின் கையை மணிக்கட்டுவரை இழுத்துவிட்டுச் சிரித்தேன். நல்ல பிள்ளை என்று அவர் நினைத்திருக்க வேண்டும். உட்காரச் சொன்னார். உட்கார்ந்தோம். எனக்குப் பின்னால் வந்த காது வலிக்காரர் உள்ளே போனார். கதவில் விரல் நசுக்கியவர் போனார். இரும இரும ஒரு குடும்பம் முழுவதும் போனது. நான் ரிசேர்வ் ஆள்; உட்கார்ந்திருந்து மற்றவர்கள் உள்ளே போவதைப் பார்ப்பதில் எனக்கு இரண்டு வருட அனுபவம். கஜனுக்கு அந்த அனுபவம் இல்லை. ஐந்தாவது மணித்தியாலம் அவன் என்னிடம் கேட்டான்.

"நீ எத்தினை எண்டு சொன்னனி?"

"இரண்டு."

அவன் எழும்பி நேரே கண்ணாடிக்குப் போனான். அவன் ஆங்கிலத்தில் சொன்னது இதுதான்: "மேடம், இவன் ஒருமுறை விரல் முறிந்து பின்பக்கம் திரும்பி நிற்கவும் இரண்டு என்றுதான் சொன்னவன். தயவுசெய்து சட்டையைக் கழற்றிப் பாருங்கள்."

நேர்ஸ் வந்து சட்டைக் கையை உயர்த்தினார். சில்லு வைத்த கதிரையைக் கொண்டுவந்து என்னை அதில் இருத்தினார். "எனக்கு நடக்க ஏலும்" என்றேன். "தெரியும், இருங்கள்" என்றார். அப்போதுதான் முதல் தடவையாகப் பயந்தேன்.

பிறகு ஸ்கான். கதிர் ஒன்றும் இல்லை, சத்த அலையால் உடம்புக்குள் பார்க்கிறார்கள். தோளில் குளிர்ந்த களியைப் பூசி, ஒரு சின்னக் கருவியை உருட்டினார் ஒரு பெண். முதலில் காலநிலை பற்றிக் கதைத்துக்கொண்டிருந்தவர், காறை எலும்புக்குக் கிட்ட வந்ததும் பேச்சை நிறுத்திவிட்டார். முகத்தைப் பார்த்துப் பந்து எங்கே போகும் என்று சொல்வது என் தொழில். அந்த முகத்தில் பந்து எனக்கு நேரே வந்துகொண்டிருந்தது.

டொக்டர் பின்னேரம் வந்தார். இரத்தக் குழாய்களுக்கு அறுவைச் சிகிச்சை செய்கிற பெண். ஒரு கடதாசியில் படம் கீறிக் காட்டினார். காறை எலும்புக்கும் முதலாவது விலா எலும்புக்கும் நடுவில் ஒரு ஒடுங்கிய சந்து இருக்கிறது. கையிலிருந்து இரத்தத்தைத் திருப்பிக் கொண்டுபோகிற பெரிய குழாய் அந்தச் சந்துக்குள்ளால்தான் போகிறது. பாரம் தூக்கித் தூக்கி, கையை உயர்த்தி இடித்து இடித்து, எலும்பும் தசையும் அந்தக் குழாயை நசுக்க, உள்ளே இரத்தம் உறைந்து அடைத்துவிட்டது. போன இரத்தம் திரும்பி வர வழியில்லை. அதுதான் வீக்கம், அதுதான் நீலம். அந்தக் கட்டியில் ஒரு துண்டு கழன்று நுரையீரலுக்குப் போனால் உயிர் போகலாம்.

"சனிக்கிழமை எனக்கு மட்ச் இருக்கிறது" என்றேன்.

"சனிக்கிழமை உமக்குக் கட்டில் இருக்கிறது" என்றார்.

"அடுத்த சனிக்கிழமை?"

அவர் பேனையை மூடினார். முதலில் கட்டியைக் கரைக்க வேண்டும், பிறகு அந்த விலா எலும்பை எடுத்துச் சந்தைப் பெரிதாக்க வேண்டும், பிறகு மூன்று மாதம் இரத்தம் உறையாமல் இருக்கக் குளிசை போட வேண்டும், குளிசை போடுகிற ஆளை ஒருவரும் இடிக்கக் கூடாது, உள்ளே இரத்தம் கசிந்தால் நிற்காது என்று வரிசையாகச் சொன்னார். நான் தலையாட்டிக்கொண்டிருந்தேன். ஒன்றும் விளங்கவில்லை. விலா எலும்பு என்பது எடுத்து வைக்கிற சாமானா? கை நோகவேயில்லையே! நோகாத கைக்கு எலும்பை எடுப்பார்களா?

அணியின் வைத்தியருக்கு ஃபோன் அடித்துச் சொன்னேன். பத்து நிமிடத்தில் கோச் எழுதினார்: "சுகமாகு. மார்க்கஸ் உடுப்புப் போடுகிறான்." மார்க்கஸ் என்னோடு ஜீன்ஸ் போடுகிற மற்ற ரிசேர்வ். ஐம்பத்திமூன்றாம் இலக்கம்.

அம்மாவும் அப்பாவும் வந்தார்கள். அம்மா கையைத் தொடப் பயந்து காலைப் பிடித்துக்கொண்டார். கொஞ்ச நேரம் அழுதார். அழுது முடிந்ததும் முதல் உத்தரவு வந்தது.

"ஆரிட்டையும் மூச்சு விடக்கூடாது. முதல் சுகமாகட்டும், பிறகு சொல்லுவம்."

எங்கள் வீட்டு வழக்கம் இது. அப்பாவுக்குப் பித்தப்பை எடுத்தபோது பெரியம்மாவுக்குச் சொன்னோம். அடுத்த நாள் வார்ட்டுக்குள் பதினெட்டுப் பேர், ஆறு சாப்பாட்டுப் பெட்டி, பக்கத்துக் கட்டில் சீன மனிசருக்கும் இடியப்பம். அப்பா நித்திரை கொள்ள முடியாமல் தானாகவே வீட்டுக்கு வந்துவிட்டார். அதிலிருந்து வருத்தம் என்றால் வாய் திறப்பதில்லை.

"அப்ப இருபத்திரண்டு ரிக்கட்?" என்று அப்பா கேட்டார்.

எல்லாரும் கஜனைப் பார்த்தோம். அவன் யன்னலைப் பார்த்தான்.

"நீ கூட்டிக்கொண்டு போ தம்பி" என்றார் அம்மா. "போகாட்டி ஏன் எண்டு கேப்பினம்."

"அன்ரி, அவன் அங்க நிக்கமாட்டானே."

"தூரத்தில ஆருக்குத் தெரியப்போகுது? எல்லாரும் சட்டி கவிட்ட மாதிரித் தொப்பிதானே போட்டிருக்கினம்."

வெள்ளிக்கிழமை கையின் குழாய்க்குள்ளால் மெல்லிய ரியூப் ஒன்றை விட்டு, கட்டி இருக்கிற இடத்திலேயே கரைக்கிற மருந்தைத் துளித்துளியாக இறக்கினார்கள். ஒரு நாள் முழுக்க அசையாமல் கிடக்க வேண்டும். என்னைப் பார்த்துக்கொண்டவர் ஜெசிந்தா அக்கா, மன்னாரைச் சேர்ந்த நேர்ஸ். தமிழ் என்று தெரிந்ததும் என் தொல்லை கூடிவிட்டது. கட்டிலுக்கு முன்னால் இருந்த வெள்ளைப் பலகையில் பெயர், டொக்டர், சாப்பாடு எல்லாம் எழுதிவிட்டு, "தம்பி என்ன வேலை?" என்று கேட்டார்.

அம்மா முந்திக்கொண்டார். "ஃபுட்போல் பிளேயர்."

"ரிசேர்வ்" என்றேன்.

"எத்தினை மட்ச் விளையாடியிருக்கிறீர்?"

"ஒண்டுமில்லை."

அக்கா பேனையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். நானும் யோசித்தேன். ஒரு போட்டியும் விளையாடாத ஆட்டக்காரனை என்னவென்று எழுதுவது? இரண்டு வருடமாக வேலைக்குப் போயிருக்கிறேன். எந்த வேலைக்கு? அக்கா கடைசியில் அந்த இடத்தை வெறுமையாக விட்டுவிட்டு, "இரத்தம் மெல்லிசாக்கிற மருந்து போகுது, உள்ளி கூடச் சாப்பிட வேண்டாம்" என்றார். அம்மா கட்டிலுக்குக் கீழே இருந்த பெட்டியைக் காலால் மெதுவாக உள்ளே தள்ளினார். இரத்தத்துக்கு நல்லது என்று எங்கோ வாசித்து, அதற்குள் முழு உள்ளிப்பூண்டு போட்ட ரசம் கொண்டுவந்திருந்தார்.

மத்தியானம் மார்க்கஸ் எழுதினான். "உன் இடத்தில் போகிறேன். மன்னித்துக்கொள். பந்தை வாங்கி ஓடுகிறவனைப் பற்றி உனக்கு என்ன தெரியும்?"

எனக்கு எல்லாம் தெரியும். அந்த அணியை நான் கிழமை முழுக்க வீடியோவில் பார்த்திருந்தேன். சொல்லாமல் விடலாம் என்று ஒரு நிமிடம் நினைத்ததையும் இங்கே எழுத வேண்டும். பிறகு இடது கையால், எழுத்து எழுத்தாக அடித்தேன்: "அவன் உட்பக்கம் திரும்பும்போது பந்தை உடம்பிலிருந்து விலத்துவான். அப்போது கையில் அடி, ஆளில் அல்ல."

சனிக்கிழமை காலை மீண்டும் படம் எடுத்தார்கள். கட்டி கரைந்துவிட்டது. ரியூப்பை எடுத்துவிட்டு, இரத்தம் உறையாமல் வைக்கிற மருந்தை மட்டும் மற்றக் கையில் ஓடவிட்டார்கள். என் வலது கை மெல்ல மெல்ல என் கையாக மாறிக்கொண்டிருந்தது. திங்கட்கிழமை எலும்பு.

அப்பா காரை மூன்று தெரு தள்ளி ஓசியில் விட்டுவிட்டு, வேர்க்க விறுவிறுக்க நடந்து வந்தார். கட்டில் ஓரத்தில் இருந்துகொண்டு என் காற்பாதத்தைத் தேய்த்தார்.

"நிரோ, ஒண்டு கேக்கட்டோ? கோவிக்கக் கூடாது."

"கேளுங்கோ அப்பா."

"உண்மையில நீ அங்க என்ன செய்யிறனி?"

பதினொரு வருடமாக நான் விளையாடுகிறேன். எனக்குச் சிரிப்பு வந்தது, சிரித்தால் அழுதுவிடுவேன் போலவும் இருந்தது. குளிசை தருகிற கடதாசிக் கோப்பைகளைச் சாப்பாட்டு மேசையில் அடுக்கச் சொன்னேன். இது முன்வரிசை. இது பந்து எறிகிறவன். இந்த மடிந்த கோப்பை நான்.

"அப்ப இவன் பந்தோட இஞ்சால வந்தா நீயும் இஞ்சால."

"ஓம்."

"பொய்க்கு இஞ்சால காட்டிப்போட்டு அங்கால ஓடினா?"

"அதுதான் அப்பா முழுப் பிரச்சினையும்."

அப்பா மடிந்த கோப்பையை எடுத்துப் பார்த்தார். விரலால் அதன் விளிம்பை நிமிர்த்தி, இருந்த இடத்திலேயே திருப்பி வைத்தார். "நல்ல வேலைதான்" என்றார்.

அம்மாவும் வந்து சேர, போட்டியை என் ஃபோனில் பார்த்தோம். மூன்று தலை, ஒரு சின்னத் திரை. முதல் உதை. பந்து மேலே போனது. வலது கரையால் ஐம்பத்திமூன்று ஓடினான். என் கரை அது. எதிரணிக்காரன் பந்தைப் பிடித்து ஓடிவந்து, உட்பக்கம் திரும்பினான், பந்து உடம்பிலிருந்து விலகியது. மார்க்கஸ் கையில் அடித்தான். பந்து தெறித்தது. அவனே அதன்மேல் விழுந்தான்.

நான் கத்திக்கொண்டு எழும்பிவிட்டேன். மருந்து ஓடுகிற ரியூப் இழுபட்டு மெசின் கீக் கீக் என்றது. ஜெசிந்தா அக்கா ஓடிவந்தார்.

"தம்பி! ஆரை அடிக்கப் போறீர்? படும்!"

படுத்தேன். அந்த நேரம் அம்மாவின் ஃபோன் அடித்தது. பெரியம்மா. ஸ்ரேடியம் முழுக்க அந்த ஃபோனுக்குள் இருந்தது.

"தங்கச்சி! பாத்தியோ! எங்கட பெடியனைப் பாத்தியோ!"

அம்மா என்னைப் பார்த்தார். "ஓமக்கா... பாத்தன்."

"என்ன அடி! அவன் பந்தை விட்டுட்டு மலந்துபோனான்! நீ எங்க நிக்கிறாய்? உன்னை இஞ்ச காணேல்ல."

"எங்களுக்கு முன்னுக்கு வேற இடம் தந்தவை அக்கா."

"அதென்ன கீக் கீக் எண்டு?"

"சனம் விசில் அடிக்குது அக்கா."

ஃபோனை வைத்துவிட்டு அம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது. அழுகிறாரா சிரிக்கிறாரா என்று எனக்குத் தெரியவில்லை. எனக்கே நான் என்ன செய்கிறேன் என்று தெரியவில்லை. சந்தோஷமா? ஓம். எரிச்சலா? அதுவும் ஓம். என் வாழ்க்கையின் மிகச் சிறந்த ஆட்டத்தை நான் முதுகில் கட்டிய ஆஸ்பத்திரி உடுப்போடு விளையாடியிருந்தேன்.

கஜன் நேரே ஸ்ரேடியத்திலிருந்து வந்தான். கத்திக் கத்தித் தொண்டை கட்டியிருந்தது.

"ஏண்டா மார்க்கஸைக் காட்டினாய்? ஓரத்தில நிக்கிற ஆரையாவது காட்டியிருக்கலாமே."

"பெரியம்மா 'எங்க நிக்கிறான், எங்க நிக்கிறான்' எண்டு என்ர உயிரை வாங்கிப்போட்டா. நீ நிக்க வேண்டிய இடத்தில நிண்டவனைக் காட்டினன். அவன் போய் அந்த அடி அடிப்பான் எண்டு எனக்குத் தெரியுமோ?" கொஞ்சம் நிறுத்திச் சொன்னான்: "நீ எண்டா விட்டிருப்பாய், அதுதான் நம்பிக் காட்டினன்."

இடது கையால் தலையணையை எறிந்தேன். படவில்லை.

திங்கட்கிழமை எலும்பை எடுத்தார்கள். கூட்டிக்கொண்டு போக முதல் ஜெசிந்தா அக்கா, "ஒரு விலா எலும்பில இருந்துதான் ஆண்டவர் ஒரு பொம்பிளையைச் செய்தவர், பாப்பம் உமக்கு என்ன கிடைக்குதெண்டு" என்றார். எனக்குக் கிடைத்தது அக்குளுக்குள் ஒரு வெட்டும், மார்பில் ஒரு வடிகால் ரியூப்பும், இருமினால் உயிர் போகிற நோவும். மயக்கம் தெளிந்ததும் ஒரு குரல், "பத்துக்கு எத்தனை?" என்று கேட்டது.

வாய் பழக்கத்தில் "இர..." என்று தொடங்கியது. யன்னலோரம் கஜன் நின்றான். என்னையே பார்த்தான்.

"ஒன்பது" என்றேன்.

அந்தச் சொல் வந்ததும் நான் அழுதேன். இருபத்தைந்து வயதுத் தடியன், நேர்ஸின் கையைப் பிடித்துக்கொண்டு. உடனே மருந்து தந்தார்கள். நோகிறது என்று சொன்னால் மருந்து தருகிறார்கள், அலுமாரியைக் காலி செய்யச் சொல்வதில்லை. இது எல்லாருக்கும் முதலே தெரிந்திருக்கலாம். எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

ஐந்து நாளில் வீட்டுக்கு வந்தேன். கையில் தூக்குக் கட்டு. அடுத்த நாளே இருபத்திரண்டு பேரும் வந்துவிட்டார்கள்.

"ஐயோ, அந்த அடியில பட்டதே?" என்று பெரியம்மா கேட்டார்.

அம்மா என்னைப் பார்த்தார். இப்போது சுகம், இப்போது சொல்லலாம். வாயைத் திறந்தேன். பெரியம்மாவின் கண் இரண்டும் நிறைந்திருந்தது. வாழ்க்கையில் ஒருவரும் என்னை அப்படிப் பார்த்ததில்லை. கணக்குப் பாடத்தில் என்னுடைய புள்ளிகள் தெரிந்த மனிசி அவர்.

"ஓம் பெரியம்மா" என்றேன்.

அதோடு ஆறு மாதம் போய்விட்டது. போன ஞாயிறு, அந்த ரோல்ஸ் தொண்டையில் நிற்கிறபோது தண்ணீர் தேடி உள்ளே போனேன். பெரியம்மாவின் பிள்ளைகளின் பட்டமளிப்புப் படங்கள் தொங்குகிற சுவர். அவற்றுக்கு நடுவில் புதிதாக ஒரு படம், பொன்னிறச் சட்டம் போட்டு. ஐம்பத்திமூன்றாம் இலக்கம், பந்தின்மேல் விழுந்தபடி. கவசத்துக்குள் முகம் தெரியவில்லை. எங்கள் சொந்தத்தில் பட்டம் இல்லாமல் அந்தச் சுவரில் ஏறிய முதல் ஆள் நான்தான். அதுவும் நான் இல்லை.

பெரியம்மா, அது மார்க்கஸ். ஒருநாள் அவனைக் கூட்டிவருகிறேன், புட்டுக் கொடுங்கோ. மன்னித்துக்கொள்ளுங்கோ.

மற்றவர்களுக்கு: கை காரணமில்லாமல் வீங்கி நிறம் மாறினால் சட்டையை இழுத்து மூடாதீர்கள். அன்றைக்கே போங்கள். கேட்டால் உள்ளதைச் சொல்லுங்கள்.

எனக்கு என்ன நடக்கும் என்று இன்னும் தெரியாது. குளிசை முடிந்துவிட்டது. டொக்டர் படம் பார்த்து, குழாய் நன்றாகத் திறந்திருக்கிறது, விருப்பமென்றால் இடிபடலாம் என்றார். அணியிலிருந்து மே மாத முகாமுக்கு வந்து பார் என்று ஒரு வரி எழுதியிருக்கிறார்கள். இடம் இருக்கிறது என்று எழுதவில்லை. ஒரு எலும்பு குறைவு, ஒரு போட்டியும் இல்லை. போனால் திரும்பவும் யாரோ ஒருவனுடைய மேலங்கியைத்தான் தருவார்கள். போகாவிட்டால் அந்தச் சுவரில் தொங்குகிறவனாகவே இருந்துவிடலாம், ஒருவரும் கேட்கமாட்டார்கள். எது பயம், எது புத்தி என்று எனக்குப் பிரித்துப் பார்க்க வரவில்லை.

இதைக் குடும்ப வட்சப் குழுவில் போட முதல், வாசித்துப் பார்க்கச் சொல்லிக் கஜனுக்கு அனுப்பினேன். கடைசியில், "முகாமுக்குப் போகவா, விடவா?" என்றும் கேட்டிருந்தேன். கடையில் டயர் மாற்றிக்கொண்டிருந்திருப்பான். ஒரு மணித்தியாலம் கழித்துப் பதில் வந்தது.

"போ மச்சான், இந்தமுறை நான் வேற ஆரையும் காட்டமாட்டன்."